கடல் புடைத்த மணல்

கற்பனை உலகங்களைப் படைப்பவர்கள் அவற்றோடு ஒரு மந்திரக் கனிமத்தையும் சேர்த்தே படைத்துவிடுகிறார்கள். டோல்கீன் தம் கதையுலகில் மோரியா மலைக்கு அடியில் மித்ரில் என்ற உலோகத்தைப் புதைத்து வைத்தார். எடை மிகக் குறைவு, உறுதியோ எஃகைவிட அதிகம். அமெரிக்கச் சித்திரக்கதைகளில் வரும் வக்காண்டா நாட்டின் செல்வமெல்லாம் விண்கல்லாக வந்து விழுந்த வைப்ரேனியத்தால் வந்தது. நம் புராணத்துச் சியமந்தக மணி நாளுக்கு எட்டு பாரம் பொன் ஈன்றது. அதற்காகக் கொலை நடந்தது, கண்ணன்மேல் பழியும் விழுந்தது. இந்தக் கதைகளுக்கெல்லாம் அடியில் ஒரே நம்பிக்கைதான். கனிமம் எங்கோ ஓரிடத்தில் மட்டும் கிடைக்கும். அதன் ஆற்றல் முழுவதும் அதற்குள்ளேயே இருக்கும். எடுத்தவன் கைக்கு அந்த ஆற்றல் அப்படியே வந்து சேரும். கதைக்கு இது நன்றாகப் பொருந்துகிறது. நிஜக் கனிமங்களைப் பற்றிப் பேசும்போதும் நாம் இதே நம்பிக்கையோடு பேசுவதுதான் சிக்கல். தென்னிந்தியக் கடற்கரையில் கிடைக்கும் மோனசைட் பற்றிய பேச்சில் இதைத் தெளிவாகப் பார்க்கலாம். விளக்குக்கு ஒளி, காந்தத்துக்கு வலு, அணு உலைக்கு எரிபொருள் என்று மூன்றையும் ஒரே மணல் தரும் என்றால் அதை மந்திரம் என்று நினைப்பது இயல்புதான். ஆனால் அந்த மணலின் வரலாற்றையும் வேதியியலையும் அடுத்தடுத்து வைத்துப் பார்த்தால் வேறொன்று புலப்படும். மோனசைட்டில் அரிதாக இருப்பது அந்தக் கனிமம் அல்ல, அதைப் பிரிக்கும் வேலை. அதன் மதிப்பும், அதன் ஆபத்தும்கூட, அந்தப் பிரிப்பிலிருந்தே பிறக்கின்றன.

போலகத்துக் கரையிலிருந்து தொடங்கலாம். காரைக்கால் பகுதியில், திருமலைராயன்பட்டினம் கொம்யூனில் உள்ள ஊர் போலகம். காவிரி கொண்டுவந்த வண்டலின் கடைசி விளிம்பு. கிழக்கே வங்கக் கடல். நாகூரிலிருந்து காரைக்கால், தரங்கம்பாடி வரை இந்தக் கரையில் நடப்பவர்கள் வெளிர் மணலின்மேல் கறுப்பும் கருஞ்சிவப்புமாகப் பட்டைகள் படிந்திருப்பதைப் பார்த்திருப்பார்கள். கறுப்பு பெரும்பாலும் இல்மனைட், மேக்னடைட் ஆகிய இரும்பு கலந்த தாதுக்கள், சிவப்பு கார்னெட். வடகிழக்குப் பருவமழையின்போது கடல் கொந்தளித்துக் கரையை அரித்துவிட்டுப் போனபின் இந்தப் பட்டைகள் அடர்த்தியாகத் தெரியும். காரணம் எடை. சாதாரண மணலான குவார்ட்ஸ் தண்ணீரைப்போல 2.65 மடங்கு அடர்த்தி உடையது. கார்னெட் ஏறத்தாழ 4 மடங்கு, இல்மனைட் 4.7 மடங்கு, மோனசைட் 5 மடங்கு. அலை ஏறும்போது வேகத்தோடு எல்லாவற்றையும் தூக்கிக்கொண்டு வருகிறது. இறங்கும்போது அதன் தண்ணீர் மெல்லிய படலமாகிவிடுவதால் இலேசான குவார்ட்ஸை மட்டுமே திரும்ப இழுத்துச் செல்ல முடிகிறது. முறத்தில் புடைக்கும்போது பதர் பறந்து நெல்மணி தங்குவதைப்போல, கனமானவை கரையிலேயே தங்கிவிடுகின்றன. ஓர் அலை செய்யும் வேலை அற்பம்தான், அலைகளோ ஓய்வதில்லை. மனிதன் ஆலை கட்டுவதற்கு வெகுகாலம் முன்பே கடல் இந்த முதல் பிரிப்பைச் செய்துவிட்டது. மணலைத் தோண்டுபவர்களுக்குக் கூலியில்லாமல் கிடைத்த வேலை இது.

கடல் எல்லா இடத்திலும் ஒரே அளவுக்குப் புடைப்பதில்லை. போலகத்துக் கரைக்கு வரும் தாதுத் துகள்கள் கர்நாடகப் பீடபூமியின் நைஸ் பாறைகளிலிருந்தும், சேலம், நாமக்கல் பக்கத்துச் சார்னோக்கைட் பாறைகளிலிருந்தும் உடைந்து, சுமார் 800 கிலோமீட்டர் நீளமுள்ள காவிரியில் உருண்டு வந்தவை. இவ்வளவு நீண்ட பயணத்தில் ஆறு சமவெளியை அடைந்து வேகம் குறையும் இடங்களிலெல்லாம் கனமான துகள்கள் முதலில் இறங்கிவிடும். 1934-இல் மேட்டூர் அணை வந்தபின் மேலேயிருந்து வரும் மணலின் வழியே குறுகிவிட்டது. கன்னியாகுமரி மாவட்டத்து மணவாளக்குறிச்சியின் நிலை இதற்கு நேர்மாறு. அங்கே மேற்குத் தொடர்ச்சி மலை கடலை ஒட்டியே நிற்கிறது. மலையின் பாறை, மோனசைட் நிறைந்த கோண்டலைட் வகை. அதிலிருந்து இறங்கும் வள்ளியாறு போன்ற சிற்றாறுகள் குறுகிய தூரத்தில் கடலைச் சேர்ந்துவிடுகின்றன. தென்மேற்குப் பருவக் காலத்தில் அலைகள் கரையை ஓயாமல் அடிக்கின்றன. பாறை, சரிவு, மழை, அலை என்று எல்லாம் ஓரிடத்தில் கூடியதால் மணவாளக்குறிச்சி உலகப் புகழ் பெற்றது. காவிரிக் கரையில் கார்னெட்டும் இல்மனைட்டும் கண்ணுக்குத் தெரியும் அளவுக்கு இருந்தும் மோனசைட்டுக்கு அது பெயர் பெறவில்லை. இரண்டு கரைகளும் ஒரே தீபகற்பத்தின் பழம்பாறைகளிலிருந்து மணல் பெறுபவைதான். வேறுபாட்டில் பெரும்பகுதி, இயற்கை எவ்வளவு தூரம் பிரித்துக் குவித்துக் கொடுத்தது என்பதில் இருக்கிறது.

அளவுகளைப் பார்த்தால் இது இன்னும் தெளிவாகும். மோனசைட் என்பது சீரியம், லாந்தனம், நியோடிமியம் முதலிய அருமண் தனிமங்களும் தோரியமும் பாஸ்பேட்டோடு சேர்ந்த கனிமம். பூமியின் மேலோட்டுப் பாறையில் டன்னுக்குச் சுமார் 60 கிராம் சீரியம் இருக்கிறது; செம்பும் ஏறத்தாழ அவ்வளவுதான். செம்பை யாரும் அரிய உலோகம் என்று சொல்வதில்லை, நம் வீட்டுக் குடத்திலும் மின்கம்பியிலும் அது இருக்கிறது. தோரியம் டன்னுக்குச் சுமார் 10 கிராம். யுரேனியத்தைப்போல மூன்று மடங்குக்கு மேல். பொன்னோ டன்னுக்குச் சில மில்லிகிராம். போலகத்து வயலில் ஒரு டன் மண்ணை அள்ளினாலும் அதில் சில கிராம் தோரியம் கலந்திருக்கும். அதை எடுக்க முயல்வது மட்டும் பைத்தியக்காரத்தனம். செலவு, கிடைப்பதன் மதிப்பைப்போலப் பல மடங்கு ஆகும். அருமண் தனிமங்கள் பூமியில் பரவலாகக் கிடக்கின்றன, குவிந்து கிடப்பதுதான் அபூர்வம்.

இனி வரலாறு. 1909-இல் ஷோம்பெர்க் என்ற ஜெர்மானிய வேதியியலாளர், திருவிதாங்கூரிலிருந்து ஐரோப்பாவுக்குப் போன கயிற்றில் ஒட்டியிருந்த மணலில் மோனசைட்டைக் கண்டார். அந்தத் துப்பைப் பிடித்துக்கொண்டு மணவாளக்குறிச்சிக்கு வந்து, 1910-இல் அங்கே முதல் ஆலையை நிறுவினார். பிறகு கேரளத்துச் சவராவில் இன்னொன்று. முதல் உலகப் போரில் அவர் கைதானார், ஆலைகள் மூடப்பட்டன, பின்னர் வேறு நிறுவனங்கள் கைக்கு அவை போயின. கடற்கரை மக்கள் தலைமுறை தலைமுறையாக மிதித்து நடந்த மணல் திடீரென்று விலை பெற்றதற்குக் காரணம் ஐரோப்பிய நகரங்களின் காஸ் விளக்குகள். ஆஸ்திரியாவின் ஆவர் வோன் வெல்ஸ்பாக், பருத்தி வலையைத் தோரியம், சீரியம் உப்புகளில் தோய்த்து எரித்தால் எஞ்சும் ஆக்சைடு வலை, சுடரில் வெள்ளை வெளேரென்று ஒளிர்வதைக் கண்டுபிடித்து 1891-இல் விற்பனைக்குக் கொண்டுவந்தார். நம் கல்யாண ஊர்வலங்களிலும் கோயில் திருவிழாக்களிலும் தெருக்கூத்து மேடைகளிலும் ஒரு காலத்தில் இரவைப் பகலாக்கிய பெட்ரோமாக்ஸ் விளக்கின் மேண்டில் இதே வழியில் வந்ததுதான்.

அந்த மேண்டில் எப்படி வேலை செய்கிறது என்பதை நின்று பார்க்க வேண்டும், இந்த அத்தியாயத்தின் வாதத்துக்கு அதைவிட நல்ல சான்று இல்லை. வெல்ஸ்பாக்கின் கலவை 99 பங்கு தோரியம் ஆக்சைடு, 1 பங்கு சீரியம் ஆக்சைடு. தோரியம் ஆக்சைடு தனியாக இருந்தால் மங்கலாகவே ஒளிரும். சீரியம் ஆக்சைடு தனியாக இருந்தாலும் பயனில்லை. பெற்ற வெப்பத்தை அகச்சிவப்புக் கதிராக இறைத்துவிட்டுக் குளிர்ந்துபோகும். தோரியம் வெப்பத்தை வீணாக்காமல் வலையை உயர் வெப்பநிலையில் வைத்திருக்க, அதனூடே சிதறிக் கிடக்கும் சிறிதளவு சீரியம் அந்த வெப்பத்தைக் கண்ணுக்குத் தெரியும் ஒளியாக மாற்றுகிறது. மோனசைட் மணலில் இந்த இரண்டும் சேர்ந்தே இருக்கின்றன, ஆனால் விகிதம் தலைகீழ்: சீரியம் மிகுதி, தோரியம் 8 முதல் 10 விழுக்காடுதான். மணலை அப்படியே சுடரில் போட்டால் ஒன்றும் நடக்காது. இரண்டையும் முற்றிலும் பிரித்து, மறுபடி நூற்றுக்கு ஒன்று என்று அளந்து கலந்தால்தான் ஒளி. வெல்ஸ்பாக் முதலில் வேறு ஆக்சைடுகளை வைத்துச் செய்த வலைகள் சரியாக ஒளிராமல் பல ஆண்டுகள் திண்டாடினார். அவர் தேடிக் கண்டடைந்தது ஒரு விகிதம். புதிய கனிமம் எதுவும் அல்ல.

மேண்டில் காலத்தில் தோரியம்தான் பொக்கிஷம். அதை எடுத்தபின் எஞ்சிய அருமண் உலோகங்கள் ஆலை முற்றத்தில் குப்பையாகக் குவிந்தன. அந்தக் குப்பையை என்ன செய்வது என்று யோசித்த வெல்ஸ்பாக்கே 1903-இல் அதை இரும்போடு உருக்கிச் சேர்த்து, உரசினால் பொறி பறக்கும் லைட்டர் கல்லை உருவாக்கினார். மின்விளக்கு வந்தது; காஸ் விளக்கு ஒதுங்கியது; தோரியத்தின் சந்தை சரிந்தது. அணுகுண்டுக்குப்பின் அதே தோரியம் திரும்பவும் அரசுகளின் கண்ணில் பட்டது. திருவிதாங்கூர் திவான் சி.பி. ராமசாமி ஐயர் 1947-இல் தனி நாடு கேட்டபோது மோனசைட்டும் அவர் கையிலிருந்த துருப்புச் சீட்டுகளில் ஒன்று. சுதந்திர இந்தியா 1950-இல் இந்திய அருமண் நிறுவனத்தைத் தொடங்கியது. ஆலுவாவில் அதன் ஆலையை 1952-இல் நேரு திறந்துவைத்தார். 1980-களில் நியோடிமியமும் இரும்பும் போரானும் சேர்ந்த காந்தம் வந்ததும் நிலைமை முழுதாகப் புரண்டது. இன்று மின்வாகன மோட்டாரிலும் காற்றாலையிலும் இருப்பது ஒரு காலத்தில் குப்பையாகக் கிடந்த பகுதி. பொக்கிஷமாக இருந்த தோரியம் வாங்க ஆளில்லாமல் சேமிப்புக் கிடங்குகளில் பத்திரப்படுத்தப்பட்டிருக்கிறது. 100 ஆண்டுகளில் மணலின் ஓர் அணுகூட மாறவில்லை. எதை எதிலிருந்து பிரிக்கத் தெரிந்தது, பிரித்ததை எதற்குப் பயன்படுத்தத் தெரிந்தது என்பது மட்டும் மாறியது, அதோடு மதிப்பும் இடம் மாறியது. ஆற்றல் கனிமத்துக்குள்ளேயே உறைந்திருந்தால் இப்படி நடந்திருக்க முடியாது.

பிரிப்பது அவ்வளவு கடினமா என்று கேட்கலாம். முதல் பாதி எளிது. கரையில் அள்ளிய மணலைத் திருகுசுருள் சரிவில் நீரோடு ஓடவிட்டால் கனமானவை உள்பக்கம் ஒதுங்கும். காந்தம் இல்மனைட்டை முதலில் இழுத்துக்கொள்ளும், கார்னெட்டையும் மோனசைட்டையும் வலுவான காந்தத்தால்தான் எடுக்க முடியும். மின்புலத்தில் ரூட்டைல் ஒரு பக்கமும் சிர்கான் இன்னொரு பக்கமும் பிரியும். இப்படிக் கிடைத்த மோனசைட்டைச் செறிவான காஸ்டிக் சோடாவில் காய்ச்சினால் பாஸ்பேட் கரைந்து வெளியேறும். எஞ்சியதை அமிலத்தில் கரைத்துத் தோரியத்தை ஒதுக்கலாம். கடினமான பாதி அதற்குப் பிறகுதான் தொடங்குகிறது. லாந்தனத்திலிருந்து லுட்டீசியம் வரை 15 தனிமங்களும் வேதிக் குணத்தில் இரட்டைப் பிள்ளைகளைவிட நெருக்கமானவை. அடுத்தடுத்த இரண்டுக்கும் அயனியின் ஆரத்தில் 1 அல்லது 2 விழுக்காடுதான் வேறுபாடு. கரைப்பான்களில் மாற்றி மாற்றி, நூற்றுக்கணக்கான படிகளில் கடத்தினால்தான் அந்த நூலிழை வேறுபாடு தூய்மையாக மாறும். இந்தப் படிகளை ஆண்டுக்கணக்கில் சீராக ஓட்டும் திறமை எங்கே இருக்கிறது என்பதே உலகச் சந்தையைத் தீர்மானிக்கிறது. அமெரிக்க நிலவியல் ஆய்வுத் துறையின் கணக்கில் இந்தியாவின் அருமண் இருப்பு 69 லட்சம் டன், உலகில் மூன்றாமிடம். உற்பத்தியோ 2024-இல் ஏறத்தாழ 2,900 டன், உலக உற்பத்தியில் ஒரு விழுக்காடுகூட இல்லை. மணல் இருக்கிறது, பிரிப்பு இல்லை.

இதற்கு எழும் மறுப்புகளில் மிகப் பரவலானது, பெருக்கல் கணக்கு. நாட்டில் 1.3 கோடி டன் மோனசைட் இருப்பதாக அணு கனிம இயக்ககம் மதிப்பிட்டிருக்கிறது. டன்னுக்கு இவ்வளவு என்று தோரியத்தின் விலையால் பெருக்கினால் நாட்டின் கடனையெல்லாம் அடைத்துவிடலாமே என்கிறார்கள். இந்தக் கணக்கில் பெருக்கப்படும் விலை, மிகச் சிறிய அளவில் ஆய்வகத்துக்கு விற்கப்படும் தூய உலோகத்தின் விலை. டன் கணக்கில் வாங்குவோர் இன்று இல்லை. தோரியம் தானாக எரியும் எரிபொருளும் அல்ல. அணுக்கரு ஒரு நியூட்ரானை விழுங்கி, புரோடாக்டினியமாகி, அது 27 நாள் அரை ஆயுளோடு சிதைந்து யுரேனியம்-233 ஆன பிறகே பிளக்கத் தகுதி பெறும். அந்த நியூட்ரானைத் தர முதலில் வேறொரு உலை வேண்டும். ஹோமி பாபா 1954-இல் வகுத்த மூன்று கட்டத் திட்டம் இதை அறிந்தே வகுக்கப்பட்டது. தோரியம் அதில் கடைசிக் கட்டம். கல்பாக்கத்தில் 1996 முதல் இயங்கும் காமினி என்ற சிறிய உலை யுரேனியம்-233-ஐ எரிபொருளாகக் கொண்டது. அது செய்துகாட்டிய சாதனை பெரிது. அதன் திறன் 30 கிலோவாட் வெப்பம் மட்டுமே. அங்கிருந்து மின் நிலையம் வரை உள்ள தூரத்தைக் கடக்கத் தேவைப்படுபவை உலைகளும் மறுபதப்படுத்தும் ஆலைகளும்.

இன்னொரு மறுப்பு வலுவானது, அதில் உண்மையும் இருக்கிறது. 2025 ஏப்ரலில் சீனா ஏழு அருமண் தனிமங்களின் ஏற்றுமதிக்குக் கட்டுப்பாடு விதித்தபோது நம் வாகன ஆலைகள் தவித்தன. அந்தப் பட்டியலில் இருந்த டிஸ்புரோசியமும் டெர்பியமும் நம் மோனசைட்டில் மிகச் சொற்பம். அப்படியானால் சில கனிமங்கள் உண்மையிலேயே அரிதானவைதானே? கன அருமண் தனிமங்களைப் பொறுத்தவரை ஆம், இயற்கை தென்சீனாவின் களிமண் படிவுகளில் அவற்றைக் குவித்த அளவுக்கு நம் கரையில் குவிக்கவில்லை. ஆனால் சீனாவின் பிடி அந்தக் களிமண்ணோடு நிற்கவில்லை. அமெரிக்காவில் தோண்டிய தாதுவே பல ஆண்டுகள் சீனாவுக்குப் போய்ப் பிரிக்கப்பட்டுத் திரும்பியது. நம்மிடம் தாராளமாக உள்ள நியோடிமியத்துக்கான காந்தத்தையும் நாம் இறக்குமதிதான் செய்கிறோம்.

கதிரியக்கத்தைப் பற்றிய அச்சமும் இதே கண்ணோட்டத்தில் தெளிவாகும். மோனசைட் மணல் நிறைந்த கேரளத்துக் கருநாகப்பள்ளியில் சுமார் 70,000 பேரைப் பல ஆண்டுகள் தொடர்ந்து கவனித்து 2009-இல் வெளியான ஆய்வு, மண்ணிலிருந்து வரும் இயற்கைக் கதிரால் புற்றுநோய் கூடியதாகக் காணவில்லை. இதை வைத்து ஆபத்தே இல்லை என்று முடிவு கட்டுபவர்கள் ஒன்றைக் கவனிப்பதில்லை. கரையில் பரந்து கிடக்கும் மணலிலிருந்து உடலுக்கு வெளியே படும் கதிர் வேறு; ஆலையில் செறிவாக்கி, அரைத்து, தூசியாக மூச்சில் நுழையும் தோரியம் வேறு. மலேசியாவின் பேராக் மாநிலத்தில் வெள்ளீயச் சுரங்கக் கழிவிலிருந்து மோனசைட் எடுத்துப் பதப்படுத்திய புக்கிட் மேரா ஆலை, தோரியக் கழிவை முறையாகக் கையாளாததால் மக்கள் போராட்டத்தைச் சந்தித்து 1990-களின் தொடக்கத்தில் மூடப்பட்டது. கழிவைத் துப்புரவு செய்ய அதற்குப் பிறகும் நீண்ட காலம் பிடித்தது. குவிப்பது மதிப்பைத் தருவதுபோலவே ஆபத்தையும் குவிக்கிறது. கன்னியாகுமரி மாவட்டம் கிள்ளியூர் வட்டத்தில் 1,144 ஹெக்டேரில் தாது மணல் எடுக்கும் திட்டத்தை அங்குள்ள மீனவர்கள் எதிர்ப்பதை அறியாமை என்று தள்ளிவிட முடியாது. தனியார் கார்னெட் குவாரிகள் கரையைச் சீரழித்து, 2013-இல் தமிழக அரசு தடை போட வேண்டிவந்த அனுபவம் அவர்கள் முன்னால் இருக்கிறது.

போலகத்துக் கரைக்கு இதிலிருந்து என்ன தீர்ப்பு? அங்கே கறுப்பும் சிவப்புமாகத் தெரியும் பட்டைகளை அள்ளி விற்பதில் நாட்டுக்கு ஆதாயம் மிகக் குறைவு. கடலோர மணல்மேடு போனால் நட்டம் பெரிது. மேட்டூருக்குக் கீழே மணல் வரத்து குறைந்துபோன ஆற்றின் முகத்துவாரத்தில், அள்ளிய மணலைக் கடல் திருப்பித் தராது. மேட்டில் தேங்கும் மழைநீர்தான் அடியிலுள்ள உவர்நீரை அழுத்தி வைத்துக் கரையோரக் கிணறுகளை நல்ல நீராக வைத்திருக்கிறது. 2004 டிசம்பர் 26 அன்று இந்தக் கரையைச் சுனாமி தாக்கியதை மறந்துவிட்டு மேடுகளைக் கரைப்பது தவறு. நிலத்தடிச் செல்வம் வேண்டாம் என்று சொல்லும் ஊரும் அல்ல இது. காவிரிப் படுகையின் இயற்கை எரிவாயுவால் 32.5 மெகாவாட் மின்சாரம் எடுக்கும் நிலையம் போலகத்தில்தான் இருக்கிறது. அந்த எரிவாயுவும் குழாயும் சுழலியும் பொறியாளரும் வந்தபின்தான் மின்சாரமானது.

2025 நவம்பரில் ஒன்றிய அமைச்சரவை, ஆண்டுக்கு 6,000 டன் அருமண் காந்தம் செய்யும் ஆலைகளுக்காக 7,280 கோடி ரூபாய்த் திட்டத்துக்கு ஒப்புதல் அளித்தது. பணம் வந்துவிட்டது, கரைப்பான் பிரிப்பை நூற்றுக்கணக்கான படிகளில் பிழையின்றி நடத்தும் வேதியியலாளர்களும், கழிவுத் தோரியத்தைப் பொறுப்போடு காக்கும் கதிர்ப் பாதுகாப்பு வல்லுநர்களும் இன்னும் போதிய அளவில் இல்லை. புதுச்சேரி தேசியத் தொழில்நுட்பக் கழகம் காரைக்காலில்தான் நடக்கிறது. அதுவும், தமிழகத்தின் வேதியியல், வேதிப்பொறியியல் துறைகளும் அருமண் பிரிப்பைத் தனிப் பாடமாகவும் ஆய்வாகவும் உடனே தொடங்க வேண்டும். அடுத்த கல்வியாண்டிலேயே அதற்கு மாணவர்களைச் சேர்க்கலாம்.